இங்கிலீஷ்காரர்களையே அசர வைத்த வலங்கைமான்காரர்!

ராஜபாளையத்துக்குப் பக்கத்தில் சோழபுரம் என்று ஓர் ஊர் இருக்கிறது.

இந்தப் பெயரைத் தமிழில் எழுதிக் கொடுத்தால், நேற்று எழுத்துக் கற்ற பிள்ளைகூடச் சரியாகப் படித்துவிடும். அதையே இங்கிலீஷ் எழுத்தில் எழுதி, லண்டனில் ஒரு வெள்ளைக்காரரிடம் நீட்டினால் என்ன ஆகும்?

முதலில் நிற்பவை 'சி', 'எச்' என்ற இரண்டு எழுத்துகள். நாற்காலியைக் குறிக்கும் 'சேர்' என்ற சொல்லில் அவை 'ச' என்று ஒலிக்கும். பலர் கூடிப் பாடும் 'கோரஸ்' என்ற சொல்லில் அதே எழுத்துகள் 'க' என்று ஒலிக்கும். 'மெஷின்' என்ற சொல்லில் 'ஷ' என்று ஒலிக்கும்.

ஆகவே அந்த வெள்ளைக்காரர் 'சோலபுரம்' என்று படிக்கலாம். 'கோலபுரம்' என்றும் படிக்கலாம். நம்முடைய 'ழ' மட்டும் அவர் வாயில் வரவே வராது!

நம் ஊர்ப் பெயர் ஒன்றே அவர்களை இந்தப் பாடு படுத்தும் என்றால், அவர்களுடைய மொழி முழுவதும் நம்மை எந்தப் பாடு படுத்தும்?

அந்த மொழியைக் கற்று, அதையே தாய்மொழியாகக் கொண்டவர்கள் வாயடைத்துப் போகும்படி பேசிய தமிழர் ஒருவர் இருந்தார். அவர்தான் வலங்கைமான் சீனிவாச சாஸ்திரியார். 'வெள்ளி நாக்கு சாஸ்திரியார்' என்று உலகம் அவரை அழைத்தது.

ஏழை வீட்டுப் பிள்ளை

கும்பகோணத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது, வலங்கைமான். அன்று அது தஞ்சை மாவட்டம். இன்று திருவாரூர் மாவட்டம்.

அந்த ஊரில் 1869-ம் ஆண்டு செப்டம்பர் 22-ந் தேதி சீனிவாச சாஸ்திரி பிறந்தார். அதே ஆண்டு அக்டோபர் 2-ந் தேதி காந்திஜி பிறந்தார். காந்திஜிக்கு இவர் பத்து நாள் மூத்தவர்! பிற்காலத்தில் இருவரும் ஒருவரை ஒருவர் சகோதரர் என்றே அழைத்துக் கொண்டார்கள்.

சாஸ்திரியின் தகப்பனார் புரோகிதம் செய்து பிழைத்தவர். வீட்டில் வேதம் இருந்தது, பணம் இல்லை. பிள்ளை படிப்பில் கெட்டிக்காரன். கும்பகோணத்தில் பள்ளிக்கூடத்திலும், பிறகு கல்லூரியிலும் படித்தான். இங்கிலீஷிலும், சமஸ்கிருதத்திலும் நல்ல தேர்ச்சி பெற்று, பி.ஏ. பட்டம் வாங்கினான்.

படிப்புக்காக அவர் சீமைக்குப் போனதில்லை. காவிரிக் கரையில் உட்கார்ந்தே அந்த மொழியைக் கற்றார்.

எழுதுவது ஒன்று, படிப்பது ஒன்று

இங்கிலீஷ் கற்பதில் என்ன கஷ்டம் என்று கேட்கிறீர்களா? சில சொற்களைப் பாருங்கள்.

பட்டாளத்து அதிகாரி ஒருவரை 'கர்னல்' என்கிறோம். ஆனால், எழுத்தைக் கூட்டிப் படித்தால் 'கொலொனெல்' என்று வரும். 'ர' என்ற எழுத்தே அதில் கிடையாது! ஏன் இப்படி? பழைய காலத்தில் இந்தச் சொல்லுக்கு இரண்டு வடிவங்கள் இருந்தன. ஒன்றில் 'ல' இருந்தது. மற்றதில் 'ர' இருந்தது. எழுத்தை ஒன்றிலிருந்து எடுத்துக் கொண்டார்கள். ஒலியை மற்றதிலிருந்து எடுத்துக் கொண்டார்கள்.

கடனுக்கு 'டெட்' என்று பெயர். அதன் நடுவில் ஒரு 'பி' என்ற எழுத்து சும்மா உட்கார்ந்திருக்கும். பணம் பெற்றதற்கு எழுதித் தருவது 'ரசீது'. இங்கிலீஷில் அதை 'ரிசீட்' என்பார்கள். அதிலும் ஒரு 'பி' ஒளிந்திருக்கிறது. லத்தீன் மொழியில் அந்த எழுத்து இருக்கிறது என்பதற்காகப் பண்டிதர்கள் உள்ளே சொருகி வைத்தார்கள். வாய் அதை ஏற்கவில்லை.

'விட்டில்ஸ்' என்று ஒரு சொல் உண்டு. விளக்கைச் சுற்றி வருமே, அந்த விட்டில் அல்ல. சாப்பாட்டுப் பொருள்கள் என்று அர்த்தம். எழுத்துப்படி படித்தால் 'விக்டுவல்ஸ்' என்று தவறாக வரும்.

கப்பலில் சரக்கு ஏற்றி இறக்கும் மேடைக்கு 'கீ' என்று பெயர். எழுத்தைப் பார்த்தால் 'குவே' என்று படிக்கத் தோன்றும். கோர்ட்டில் ஒருவர்மீது முறைப்படி குற்றம் சாட்டுவதற்கு 'இண்டைட்' என்பார்கள். எழுத்தைப் பார்த்துப் படித்தவர்கள் 'இண்டிக்ட்' என்று சொல்லி மாட்டிக் கொள்வார்கள்.

ஒரு குணத்துக்கு உருவமாக நிற்பதை 'எபிட்டமி' என்பார்கள். நன்றாகப் படித்தவர்கள்கூட அதை 'எபிடோம்' என்று சொல்லிவிடுவது உண்டு.

இதற்கெல்லாம் காரணம் என்ன? இங்கிலாந்தில் 1476-ம் ஆண்டில் அச்சுக்கூடம் வந்தது. அச்சு ஏறிய எழுத்து மெல்ல மெல்ல அப்படியே உறைந்து போயிற்று. ஜனங்களின் பேச்சு மட்டும் ஆறு போல ஓடி மாறிக் கொண்டே இருந்தது. கத்திக்கு அவர்கள் சொல்லும் 'நைப்' என்ற சொல்லின் முன்னால் 'கே' எழுதுகிறார்கள் அல்லவா? ஒரு காலத்தில் அந்த 'கே'யையும் சேர்த்தே சொன்னார்கள்.

இன்னொரு தொல்லையும் உண்டு. நாம் ஒரு சொல்லின் எல்லா எழுத்துகளையும் ஏறக்குறைய சமமாகச் சொல்லிக் கொண்டு போவோம். இங்கிலீஷில் ஒரு சொல்லுக்கு ஓர் இடத்தில் அழுத்தம் வேண்டும். பதிவு என்ற அர்த்தத்தில் 'ரெக்கார்டு' என்றால் முன்னால் அழுத்த வேண்டும். பதிவு செய் என்றால் பின்னால் அழுத்தி, 'ரிக்கார்டு' என்று சொல்ல வேண்டும். எழுத்து ஒன்றுதான். அழுத்தம் மாறினால் அர்த்தம் மாறிவிடும்!

இப்படிப்பட்ட மொழியில் சொல்லும் பிசகாமல், ஒலியும் பிசகாமல் பேசுவது எவ்வளவு பெரிய காரியம்! சாஸ்திரியார் சாதித்தது அதைத்தான்.

வாத்தியார் வேலை

பட்டம் பெற்றதும் சாஸ்திரியார் மாயவரத்தில் ஆசிரியர் ஆனார். பிறகு சேலத்துக்குப் போனார். அதன் பின் சென்னை திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியில் தலைமை ஆசிரியர் ஆனார்.

அந்த நாளில் இங்கிலீஷ் இலக்கணம் என்றால் 'நெஸ்பீல்டு' புத்தகம்தான். நெஸ்பீல்டு ஒரு வெள்ளைக்காரர். அவர் எழுதியதுதான் பிள்ளைகளுக்கு வேதவாக்கு. அந்தப் புத்தகத்திலேயே தவறுகளைக் கண்டுபிடித்துத் திருத்தியவர், சாஸ்திரியார் என்று சொல்வார்கள்.

பள்ளிக்கூடத்தோடு அவர் நின்று விடவில்லை. ஆசிரியர்கள் ஒன்றுகூடுவதற்குச் சென்னையில் ஒரு சங்கம் அமைக்க உழைத்தார். நடுத்தரக் குடும்பங்கள் நியாயமான விலைக்குச் சாமான் வாங்குவதற்காக 1904-ல் திருவல்லிக்கேணியில் ஒரு கூட்டுறவுச் சங்கம் தொடங்கப்பட்டது. அதைத் தொடங்கியவர்களில் இவரும் ஒருவர். அதுதான் பிற்காலத்தில் 'டி.யு.சி.எஸ்.' என்று பெயர் பெற்ற சங்கம்.

கோகலேயின் சீடர்

அப்போது கோபாலகிருஷ்ண கோகலே நாட்டின் பெரிய தலைவராக இருந்தார். பூனா நகரில் 'இந்திய ஊழியர் சங்கம்' என்ற சங்கத்தை 1905-ல் ஏற்படுத்தியிருந்தார். அதில் சேருகிறவர்கள் சொந்தமாகப் பணம் சேர்க்கக் கூடாது. சங்கம் தரும் சொற்பத் தொகையில் குடும்பம் நடத்த வேண்டும். வாழ்நாள் முழுவதும் நாட்டுக்கு உழைக்க வேண்டும்.

சாஸ்திரியார் பள்ளிக்கூட வேலையை விட்டுவிட்டு, 1907-ல் அந்தச் சங்கத்தில் சேர்ந்தார். 1915-ல் கோகலே மறைந்தார். அவருக்குப் பிறகு சங்கத்தின் தலைவர் பதவி சாஸ்திரியாருக்கு வந்தது.

காந்திஜியும் கோகலேயைத்தான் தம் அரசியல் குருவாகக் கொண்டிருந்தார். ஒரே குரு, இரண்டு சீடர்கள். ஆனால் பாதை வேறு. சட்டத்தை மீறியாவது அநியாயத்தை எதிர்க்க வேண்டும் என்றார், காந்திஜி. பேசிப் பேசியே நியாயத்தைப் பெற வேண்டும் என்றார், சாஸ்திரியார்.

பேச்சினால் நியாயம் கிடைக்குமா? சாஸ்திரியாரின் வாழ்க்கை முழுவதும் இந்த ஒரு கேள்வியைச் சுற்றியே நடந்தது.

வைஸ்ராய் மயங்கினார், சட்டம் நிறைவேறியது!

1919-ம் ஆண்டு. 'ரௌலட் மசோதா' என்ற கொடிய மசோதாவை வெள்ளைக்கார சர்க்கார் டெல்லி சட்டசபையில் கொண்டு வந்தது. சந்தேகப்பட்டவர்களை, முறையான விசாரணை இல்லாமலே சிறையில் அடைக்க அது வழி செய்தது.

பிப்ரவரி மாதம் சாஸ்திரியார் அந்த மசோதாவை எதிர்த்துப் பேச எழுந்தார். கெட்ட சட்டம் ஒன்றைச் செய்து வைத்தால், அது கெட்டவர்கள்மீது மட்டும் பாய்ந்து நிற்காது. நல்லவர்களையும் நடுங்க வைக்கும் என்று எடுத்துக் காட்டினார். சத்தம் போடவில்லை. மேஜையைக் குத்தவில்லை. ஒவ்வொரு சொல்லும் தராசில் நிறுத்தது போல் வந்து விழுந்தது.

காந்திஜி அன்று பார்வையாளராக வந்திருந்தார். வைஸ்ராய் செம்ஸ்போர்டு பிரபு, சாஸ்திரியார் மீதிருந்து கண்ணை எடுக்காமல் மயங்கிப் போய்க் கேட்டதை அவர் கண்டார். இந்தப் பேச்சு வைஸ்ராய் மனதை மாற்றாமல் இருக்குமா என்று ஒரு கணம் நினைத்தார்.

ஆனால் மனம் மாறவில்லை. இந்திய அங்கத்தினர்கள் எதிர்த்தும், மார்ச் மாதம் சட்டம் நிறைவேறியது.

தூங்குகிறவனை எழுப்பலாம், தூங்குவதுபோல் நடிக்கிறவனை எழுப்ப முடியாது என்பார்கள், நம் பெரியவர்கள். அன்றைய சபையைப் பற்றிக் காந்திஜியும் தம் சுயசரிதையில் ஏறக்குறைய இதையே எழுதியிருக்கிறார்.

மகாகனம்

1921-ம் ஆண்டு சாஸ்திரியாருக்குப் புகழ் தேடி வந்த ஆண்டு.

லண்டனில் நடந்த சாம்ராஜ்ய மகாநாட்டுக்கு இந்தியாவின் பிரதிநிதியாகப் போனார். ஜெனீவாவில் சர்வதேச சங்கத்தில் பேசினார். அமெரிக்காவில் வாஷிங்டன் நகரில், போர்க் கப்பல்களைக் குறைப்பதற்காக நடந்த மகாநாட்டில் இந்தியாவின் சார்பில் உட்கார்ந்தார்.

அதே ஆண்டில் பிரிட்டிஷ் மன்னரின் 'பிரிவி கவுன்சில்' என்ற ஆலோசனை சபையில் அவர் அங்கத்தினர் ஆனார். அந்த சபையில் இருப்பவர்களுக்கு 'ரைட் ஆனரபிள்' என்று ஒரு பட்டம் உண்டு. 'ஆனரபிள்' என்பதிலும் முதல் எழுத்தான 'எச்' ஊமை! இந்தப் பட்டத்தைத் தமிழில் எப்படிச் சொல்வது? மிகவும் மதிப்புக்குரியவர் என்று அர்த்தம். நம் பத்திரிகைகள் 'மகாகனம்' என்று அழகாக மொழி பெயர்த்தன. அன்று முதல் 'மகாகனம் சாஸ்திரியார்' என்றே தமிழ் நாடு அவரை அழைத்தது.

இங்கிலாந்தில் பெரிய பெரிய அறிஞர்கள் அவருடைய பேச்சைக் கேட்டு வியந்தார்கள். ஆக்ஸ்போர்டு நகரின் பேலியல் கல்லூரித் தலைவர் ஏ.எல்.ஸ்மித், தம் தாய்மொழி இவ்வளவு அழகானது என்பது சாஸ்திரியார் பேசக் கேட்ட பிறகே தமக்குத் தெரிந்தது என்றார். பிரதமராக இருந்த பால்பர் பிரபு, இங்கிலீஷ் எவ்வளவு உயரத்துக்குப் போகும் என்பதை இவரிடம்தான் கண்டதாகச் சொன்னார். ஒரு சொல்லை எப்படி எழுதுவது, எப்படி உச்சரிப்பது என்று இங்கிலீஷ்காரர்களே அவரிடம் கேட்டுத் தெரிந்து கொண்டார்கள் என்றும் சொல்வார்கள்.

ஒரு சொல், ஓர் ஏமாற்றம்

1922-ல் அவர் ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, கனடா நாடுகளுக்குப் போனார். அந்த நாடுகளில் குடியேறிய இந்தியர்களுக்கு ஓட்டுரிமை வேண்டும் என்று ஊர் ஊராகப் பேசினார்.

ஓட்டுரிமைக்கு இங்கிலீஷில் 'பிராஞ்சைஸ்' என்று பெயர். சொல்வது சுலபம். கிடைப்பது சுலபமாக இல்லை. ஆஸ்திரேலியாவில் 1925-ல் இந்தியர்களுக்கு ஓட்டுக் கிடைத்தது. கனடாவில் இந்தியர்கள் அதிகமாக இருந்த பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்திலோ 1947 வரை கிடைக்கவில்லை. அதைப் பார்க்க சாஸ்திரியார் உயிரோடு இல்லை.

இதைவிடப் பெரிய அடி, கெனியாவில் விழுந்தது.

கெனியா, கிழக்கு ஆப்பிரிக்காவில் இருக்கிறது. அங்கே வெள்ளைக்காரர்களைவிட இந்தியர்கள் அதிகம். ஆனாலும் சம உரிமை இல்லை. 1923-ல் அவர்களுக்காக சாஸ்திரியார் லண்டனில் போராடினார். கடைசியில் பிரிட்டிஷ் சர்க்கார் ஓர் அறிக்கை வெளியிட்டது. சட்டசபையில் வெள்ளைக்காரர்கள் தேர்ந்தெடுக்கும் இடம் 11. இந்தியர்களுக்கு 5. செழிப்பான மலைப் பிரதேசம் வெள்ளைக்காரர்களுக்கே!

அந்த அறிக்கையில் 'பாரமவுண்ட்' என்று ஒரு சொல் வந்தது. எல்லாவற்றுக்கும் மேலானது என்று அர்த்தம். கெனியாவில் ஆப்பிரிக்க மக்களின் நலனே எல்லாவற்றுக்கும் மேலானது என்று அறிக்கை சொன்னது. கேட்க எவ்வளவு நன்றாக இருக்கிறது! ஆனால் ஆப்பிரிக்கர்கள் தேர்ந்தெடுக்க ஓர் இடம்கூடத் தரவில்லை. அவர்களுடைய நிலத்தையும் திருப்பித் தரவில்லை.

சொல்லுக்கு அகராதியில் ஓர் அர்த்தம். அதிகாரத்தில் இருப்பவன் செய்கையில் வேறோர் அர்த்தம். வாழ்நாள் முழுவதும் சொல்லை நம்பிய சாஸ்திரியாருக்கு இது தாங்க முடியாத வேதனையாக இருந்தது. நோயோடும், மனக்கசப்போடும் அவர் ஊர் திரும்பினார்.

கிர்மிட்!

ஆனால், அவர் செய்ய வேண்டிய பெரிய காரியம் இனிமேல்தான் வந்தது.

தென் ஆப்பிரிக்காவில் நேட்டால் என்ற பகுதியில் கரும்புத் தோட்டங்கள் ஏராளம். 1860 முதல் 1911 வரை சுமார் 1 லட்சத்து 52 ஆயிரம் இந்தியர்கள் அங்கே கூலிகளாகப் போனார்கள். அவர்களில் பெரும்பாலோர் சென்னை மாகாணத்துக்காரர்கள். தமிழரும் தெலுங்கருமாகக் கப்பல் ஏறினார்கள்.

ஏறுவதற்கு முன், ஒரு காகிதத்தில் கைநாட்டு வைத்தார்கள். அதற்கு இங்கிலீஷில் 'இண்டெஞ்சர்' என்று பெயர். பல் என்று பொருள்படும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது அது. பழைய காலத்தில் ஒரே தாளில் ஒப்பந்தத்தை இரண்டு முறை எழுதி, நடுவே பல் பல்லாக வெட்டி, ஆளுக்கொரு பாதியைக் கொடுப்பார்கள். இரண்டு பாதியும் பொருந்தினால் ஒப்பந்தம் உண்மையானது. இதுதான் அந்தப் பெயரின் கதை.

ஏழைத் தொழிலாளிக்கு இந்த வாயில் நுழையாத சொல் தெரியாது. ஒப்பந்தத்துக்கு 'அக்ரிமெண்ட்' என்று இன்னொரு சொல் இருந்தது. அதுவும் நாவில் புரளவில்லை. 'கிர்மிட்' என்று ஆயிற்று! கிர்மிட்டில் போனவனுக்குக் 'கிர்மிட்டியா' என்று பெயர் வந்தது.

தனக்குச் சொல்லத் தெரியாத ஒரு சொல், ஐந்து வருஷம் அவனைக் கட்டிப் போட்டது. முதல் வருஷம் மாதச் சம்பளம் 10 ஷில்லிங். ஒப்பந்தம் முடிந்து அங்கேயே தங்கினால், ஒரு கட்டத்தில் ஆண்டுக்கு 3 பவுன் தலைவரி வேறு போட்டார்கள். காந்திஜியின் போராட்டத்தினால் அந்த வரி 1914-ல் ஒழிந்தது. ஆனால் அவமானங்கள் ஒழியவில்லை.

1927-ல் கேப் டவுன் நகரில் இந்திய சர்க்காரும், தென் ஆப்பிரிக்க சர்க்காரும் ஓர் உடன்படிக்கை செய்து கொண்டன. அதை நிறைவேற்றுவதற்கு அங்கே இந்தியாவின் ஏஜெண்டாக ஒருவர் போக வேண்டும். சாஸ்திரியாரே போக வேண்டும் என்று வற்புறுத்தியவர், காந்திஜி!

இருவருக்கும் அரசியலில் பெரிய கருத்து வேற்றுமை இருந்த காலம் அது. ஆனாலும் நல்ல சொல்லின் மதிப்பு காந்திஜிக்குத் தெரியும்.

டர்பனில் எழுந்த பள்ளிக்கூடம்

1927-ல் சாஸ்திரியார் தென் ஆப்பிரிக்காவில் இறங்கினார். இந்தியன் என்றால் கூலி என்று நினைத்திருந்த வெள்ளைக்காரர்கள், அவர் பேச்சைக் கேட்கத் திரண்டு வந்தார்கள். தங்களைவிட நன்றாக ஓர் இந்தியர் இங்கிலீஷ் பேசுவதைக் கண்டு திகைத்தார்கள்.

எல்லாரும் திகைத்து நிற்கவில்லை. 1928-ல் கிளர்க்ஸ்டார்ப் என்ற ஊரில் அவர் பேசிய கூட்டத்தில் வெள்ளை வெறியர்கள் கலகம் செய்தார்கள். சாஸ்திரியார் பயப்படவில்லை. பழி வாங்கவும் நினைக்கவில்லை. தம் வேலையைத் தொடர்ந்து செய்தார்.

கிர்மிட்டியாக்களின் பிள்ளைகளைப் பார்த்தார். மேல் படிப்புக்கு அவர்களுக்குத் தகுந்த வசதி இல்லை. இந்தியப் பிள்ளைகளுக்கு உயர்நிலைப் படிப்பும், ஆசிரியர் பயிற்சியும் தர டர்பன் நகரில் ஒரு கல்விக்கூடம் வேண்டும் என்று தீர்மானித்தார். அங்கிருந்த இந்திய மக்களிடம் போய்க் கேட்டார். அவர்கள் மனமுவந்து பணம் தந்தார்கள். 1929-ல் அது திறக்கப்பட்டது. 'சாஸ்திரி கல்லூரி' என்று அதற்கு அவர் பெயரையே வைத்தார்கள்.

அந்த ஆண்டு தொடக்கத்திலேயே சாஸ்திரியார் இந்தியா திரும்பிவிட்டார்.

இதற்கு முன் அவருக்கு 'சர்' பட்டம் கொடுக்க வெள்ளைக்கார சர்க்கார் முன் வந்தது. அவர் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.

பெயர் போடாத திருத்தம்

காந்திஜி தம் சுயசரிதையைக் குஜராத்தி மொழியில் எழுதினார். அதை மகாதேவ தேசாய் இங்கிலீஷில் மொழி பெயர்த்தார். 1940-ல் வந்த பதிப்பில், மொழி பெயர்ப்பு முழுவதையும் இங்கிலீஷ் அறிஞர் ஒருவர் திருத்திக் கொடுத்தார் என்றும், தம் பெயரை வெளியிடக் கூடாது என்று அவர் நிபந்தனை விதித்தார் என்றும் தேசாய் எழுதினார்.

அந்த அறிஞர் யார்? சாஸ்திரியார்தான்!

அந்தப் புத்தகத்தில் காந்திஜி சொல்லும் வழி பலவற்றை சாஸ்திரியார் ஒப்புக் கொண்டவர் அல்ல. ஆனாலும் தம் சகோதரர் சொல்ல நினைத்தது உலகத்துக்குப் பிசகாமல் போய்ச் சேர வேண்டும் என்று வரி வரியாக உழைத்தார். கருத்துப் பிடிக்கவில்லை என்பதற்காகச் சொல்லைக் கோண விடவில்லை. பெயரும் கேட்கவில்லை.

தமிழுக்கு என்ன செய்தார்?

இப்படி ஒரு கேள்வி அப்போதே எழுந்தது. அது நியாயமான கேள்விதான்.

1935 முதல் 1940 வரை அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக சாஸ்திரியார் இருந்தார். 1940-ல் சென்னை சர்க்கார் ஒரு குழு அமைத்தது. விஞ்ஞானப் பாடங்களைத் தமிழில் சொல்லிக் கொடுக்க வேண்டும். அதற்குச் சொற்கள் வேண்டும். அந்தச் சொற்களை முடிவு செய்யும் குழுவுக்கு சாஸ்திரியார் தலைவர்.

நாம் மூச்சு விட உதவும் 'ஆக்சிஜன்' இருக்கிறதே, அதற்குத் தமிழில் என்ன பெயர்? ஆக்சிஜன் என்றே எழுதலாமா? 'பிராண வாயு' என்று வடமொழியில் சொல்லலாமா? 'உயிர்வளி' என்று தமிழில் ஆக்கலாமா?

குழு வடமொழிப் பக்கம் சாய்கிறது என்று தமிழ் அறிஞர்கள் கொதித்தார்கள். தமிழ் நாட்டில் பெரிய கிளர்ச்சி நடந்தது. பிறகு தமிழ் அறிஞர்கள் சிலரும் குழுவில் சேர்க்கப்பட்டார்கள்.

அந்த வாதத்தில் காலம் யார் பக்கம் நின்றது என்பதை இன்றைய பாடப் புத்தகத்தைப் புரட்டினால் தெரிந்து கொள்ளலாம். 'பௌதிகம்' போய் 'இயற்பியல்' வந்திருக்கிறது. 'ரசாயனம்' போய் 'வேதியியல்' வந்திருக்கிறது. தமிழில் சொல் உண்டாக்க முடியும் என்று நம்பியவர்கள் வென்றார்கள்.

இங்கிலீஷ் சொல்லின் நுட்பத்தை எல்லாம் அறிந்த சாஸ்திரியார், தம் தாய்மொழியின் சக்தியை அந்த அளவுக்கு நம்பவில்லை என்பது பலருடைய வருத்தம். அந்த வருத்தத்தை மறைத்து அவருடைய கதையைச் சொல்ல முடியாது.

கடைசி நாட்கள்

முதுமையில் சாஸ்திரியார் வால்மீகி ராமாயணத்தில் மூழ்கினார். 1944-ல் சென்னை மயிலாப்பூரில் ராமாயணத்தைப் பற்றித் தொடர்ந்து சொற்பொழிவுகள் செய்தார். அவை பிறகு புத்தகமாக வந்தன.

1946 ஜனவரியில் காந்திஜி சென்னைக்கு வந்தார். சாஸ்திரியார் ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார். அவரைத் தேடிப் போய்க் காந்திஜி பார்த்தார். வழி வேறானாலும் பாசம் வேறாகவில்லை.

அந்த ஆண்டு ஏப்ரல் 17-ந் தேதி சாஸ்திரியார் கண்ணை மூடினார். அப்போது அவருக்கு வயது 76. அடுத்த ஆண்டு நாடு சுதந்திரம் அடைந்தது.

வெள்ளி நாக்கு என்ன சம்பாதித்தது?

பேச்சினால் நியாயம் கிடைக்குமா என்ற கேள்விக்கு அவர் வாழ்க்கை என்ன பதில் சொல்கிறது?

ரௌலட் சட்டத்தை அவர் பேச்சு தடுக்கவில்லை. கெனியாவில் சம உரிமையை வாங்கித் தரவில்லை. நாட்டுக்கு விடுதலை வந்ததும் அவர் காட்டிய பாதையில் அல்ல. கோடிக்கணக்கான ஜனங்கள் தெருவில் இறங்கியதால் வந்தது.

அப்படியானால் அந்த வெள்ளி நாக்கு வீண்தானா?

இல்லை. ஒரு சொல்லுக்கு அர்த்தம் தெரியாமல் கைநாட்டு வைத்தவர்கள் கடல் தாண்டிப் போய்க் கஷ்டப்பட்டார்கள். எல்லாச் சொல்லுக்கும் அர்த்தம் தெரிந்த ஒருவர் அவர்களைத் தேடிப் போனார். தம் பேச்சுத் திறமையைக் காட்டிக் கைதட்டல் வாங்கிக் கொண்டு திரும்பியிருக்கலாம். அவரோ ஒரு பள்ளிக்கூடத்துக்கு வழி செய்துவிட்டுத் திரும்பினார்.

டர்பனில் அந்தப் பள்ளிக்கூடத்து வகுப்புகளில், கிர்மிட்டியாக்களின் பேரப் பிள்ளைகள் உட்கார்ந்து படித்தார்கள். 'அக்ரிமெண்ட்' என்ற சொல்லை எழுத்துக் கூட்டிப் படித்தார்கள். சரியாக உச்சரித்தார்கள். அதன் அர்த்தத்தையும் தெரிந்து கொண்டார்கள்.

படித்துப் பார்க்காமல் அவர்கள் எதிலும் கையெழுத்துப் போட வேண்டிய அவசியம் இல்லாமல் போயிற்று!